மிச்சப் பொரி

காலையில் குலசேகரன் பல் துலக்கினான். பால் வாங்கி வந்தான். மகளை எழுப்பி முகம் கழுவிவிட்டு, தலை சீவிப் பின்னல் போட்டான், கோணலாகத்தான் வந்தது. பால் சுடவைக்க மைக்ரோவேவ் அடுப்பின் கதவைத் திறந்தான். உள்ளே கண்ணாடித் தட்டு சுட்டது.

நேற்றிலிருந்து அதை யாரும் போடவில்லை. பிளக் சுவரை விட்டு வெளியே தொங்கியது. மறுபடி விரலை வைத்துப் பார்த்தான். சூடுதான். உருகிய வெண்ணெய் வாசனை வேறு.

அந்த அடுப்பு அவன் மனைவி ராஜத்தின் அண்ணன் பிரான்சிலிருந்து கொண்டுவந்தது. கோட்டுச்சேரியில் வேறு யார் வீட்டிலும் கிடையாது. ராஜம் அதில் சமைத்ததைவிடச் சோளம் பொரித்ததுதான் அதிகம். காகிதப் பையில் மக்காச்சோளத்தை வெண்ணெயோடு போட்டு, வாயை மடித்து உள்ளே வைத்துவிட்டு, அது வெடிக்க வெடிக்க மகளோடு சேர்ந்து சிரிப்பாள்.

ஆயுத பூஜைக்கு மறுநாள் விஷக்காய்ச்சலில் ராஜம் போய்விட்டாள். பாடைக்கு முன்னால் இறைக்கப் பொரி வேண்டும். பூஜைக்கே எல்லாக் கடையிலும் தீர்ந்திருந்தது.

"இதுவும் பொரிதான் மாப்ள," என்று அண்ணன் அடுப்பைப் போட்டு, பை பையாகச் சோளம் பொரித்துக் கொடுத்தார். வழியெல்லாம் அதைத்தான் இறைத்தார்கள். மிஞ்சியதைச் சுடுகாட்டிலேயே கொட்டிவிட்டு வர வேண்டும். குலசேகரனுக்கு அன்றைக்கு எதுவும் உறைக்கவில்லை. பையோடு வீட்டுக்கு வந்துவிட்டான்.

பிள்ளை அதைத் தின்றுகொண்டிருந்ததைப் பக்கத்து வீட்டுக் காசியம்மாதான் பார்த்தாள்.

"சாவுக்கு இறைச்ச பொரியவா ஊட்டுக்குள்ள கொண்டாந்த? காலேஜி படிச்ச லட்சணம் இதுதானா தம்பி? போனவ பின்னாலயே வந்துட மாட்டா?"

"சோளந்தானே அக்கா," என்றான் அவன்.

கருமாதி முடிந்து கிளம்பும்போது அண்ணன் கேட்டார். "பாப்பாவ எங்ககூட அனுப்பிடுங்க மாப்ள. நீங்க ஒத்த ஆளா என்ன பண்ணுவீங்க?" அவன் தரவில்லை. அவனுக்கு மிச்சம் இருந்தது அவள் ஒருத்திதான்.

பால் காய்வதற்குள் மழை பிடித்துக்கொண்டது. விடிந்து வெகுநேரம் ஆகியும் கூடம் இருண்டு கிடந்தது. ஓட்டுச் சரிவில் தண்ணீர் இறங்கும் இரைச்சலும், நனைந்த சுவரின் பாசி நாற்றமும், சமையலறையிலிருந்து கசிந்து வந்து அவற்றின் மேல் மெல்லப் படிந்த வெண்ணெய் வாசனையுமாக, வீடே யாரோ விடும் மூச்சுக்குள் இருப்பதுபோல் இருந்தது. மகளைப் பாலோடு சமையலறையில் உட்காரவைத்துவிட்டு வாசல் கதவைச் சாத்தப் போனான்.

தெருவில் வெள்ளையாக ஏதோ கிடந்தது. சோளப்பொரி. சுடுகாட்டுப் பக்கத்துத் திருப்பத்திலிருந்து ஒன்று ஒன்றாக, கை இறைத்த இடைவெளியில், அவன் வீட்டு வாசல்வரை. அடித்துப் பெய்கிற மழையில் ஒன்றுகூட ஊறவில்லை. படியில் கிடந்ததை எடுத்தான். சுட்டது. கீழே போட்டான்.

கதவைச் சாத்தித் தாழ் போட்டுத் திரும்பினான்.

கூடத்தின் நடுவில் ஒன்று கிடந்தது.

அதற்கு அப்பால் இன்னொன்று.

"பாப்பா, பால குடிச்சிட்டியா?"

"இருங்கப்பா. வெடிக்குது."

பட்.

அவன் நடந்தான். பிறகு ஓடினான். சமையலறை நிலைப்படியில் ஒன்று. உள்ளே ஒன்று. பட். பட். அடுப்பில் விளக்கு இல்லை. பிளக் தொங்கியது.

பிள்ளை அடுப்புக்கு முன்னால் இருந்தாள். தரையில் இல்லை.

இடுப்பில் உட்கார்ந்த பிள்ளைபோல் கால் இரண்டையும் அகட்டி, அந்தரத்தில். ஒரு கை, இல்லாத ஒரு கழுத்தைச் சுற்றி. முதுகில் கவுன் அமுங்கியிருந்தது. ஐந்து விரல் அளவுக்கு.

சிரித்துக்கொண்டிருந்தாள்.

காலைப் பிடித்து இழுத்தான். வரவில்லை. இன்னும் இறுக்கிப் பிடித்தான். அந்தப் பக்கமும் பிடி இறுகியது.

ராஜம் கடைசியாக என்ன சொன்னாள் என்று கேட்டவர்களுக்கெல்லாம், பாப்பாவைப் பார்த்துக்கொள்ளச் சொன்னாள் என்றே சொல்லி வந்திருந்தான். காய்ச்சல் தொற்றிவிடும் என்று பிள்ளையை ஆஸ்பத்திரி வாசலிலேயே நிறுத்திவிட்டு அவன் மட்டும் உள்ளே போனபோது, கட்டிலிலிருந்து இரண்டு கையையும் நீட்டி அவள் சொன்னது அதில்லை.

"நீங்க போங்க. எம் புள்ளைய எங்கிட்ட குடுத்துடுங்க."