மும்மணி மௌனம்

ஏர்கண்டிஷனைக் கழற்றி எடுத்து மாதக்கணக்காகிறது. ஆனாலும் தேவாலயத்துக்குள் நுழைந்ததும் சுதர்ஷினியின் பிடரியில் சில்லென்று காற்று பட்டது. மழைக்காற்றாக இருக்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். ஜார்ஜ் டவுன் மதியத்திலேயே இருட்டிக்கொண்டு வந்தது. ஓட்டைக்கல் சுவரின் பூப்பூவான துளைகளில் சாம்பல் வெளிச்சம் கசிய, காகிதத்தை மடித்து வைத்தாற்போல் உயர்ந்திருந்த கான்கிரீட் கூரையில், வார்ப்புக்காக அடித்த பலகைகளின் தடம் வரிவரியாகத் தெரிந்தது.

அறுபதுகளில் கட்டியவர்கள் விவரமானவர்கள். நடுவில் தூண் இல்லை, சுவரெல்லாம் காற்றுக்கு வழி. அதைக் கெடுத்த புண்ணியவதி இவள்தான். சபையாருக்கு வியர்க்கிறதாம், படித்த கட்டடக் கலைஞர் அல்லவா, துளைகளைக் கண்ணாடியால் அடைத்து, கூரைக்குக் கீழே வெள்ளைப் பலகையில் பொய்க்கூரை போட்டுக் குளிரூட்டினாள். பிறகு அவளே எல்லாவற்றையும் பிரித்தாள். பழைய அழகை மீட்டுத் தந்தாள் என்று சபையில் பொன்னாடை போர்த்தினார்கள். வீட்டில் அதைத் தொடவே அவளுக்குக் கை கூசும்.

முன்பெஞ்சில் தனலெட்சுமி உட்கார்ந்திருந்தாள். இங்கே காவலாளியாக இருந்த குணாளனின் மனைவி. கணவன் செத்த இடத்தை ஒருதரம் பார்க்க வேண்டும் என்று நிபோங் திபாலிலிருந்து பஸ் ஏறி வந்திருக்கிறாள்.

போன பெரிய வெள்ளியன்று காலை, ஒழுகல் பார்க்கப் பொய்க்கூரைக்கு மேலே ஏறியிருந்தார் குணாளன். ஆராதனைக்கு நேரமாகிவிட்ட அவசரத்தில், உள்ளே ஆள் இருக்கிறதா என்று பாராமல், ஏறும் வழியைப் பலகை வைத்துத் திருகாணி முடுக்கச் சொன்னாள் சுதர்ஷினி. அவர் இந்து; ஆராதனை நேரம் வெளியேதான் இருப்பார் என்பதால் யாரும் தேடவில்லை. நடுப்பகலில் மூன்று மணி நேரம் நடக்கும் மும்மணி ஆராதனை. அன்றைக்கு ஆர்கன் இல்லை, மணி இல்லை. சபை முழுவதும் தலைகுனிந்து மௌனமாக இருந்தபோது மேலே தட்டும் சத்தம் கேட்டது. போதகர் அவளைப் பார்த்தார். புது ஏர்கண்டிஷன் குழாய் அப்படித்தான் என்று அவள் கையசைத்தாள். குழாய் இல்லை என்று அவளுக்கு அப்போதே தெரிந்தது. அத்தனை பேர் நடுவில் எழுந்து மௌனத்தைக் கலைக்கக் கூச்சம். சத்தம் மெலிந்து மெலிந்து நின்றுபோனது. சாயங்காலம் பலகையைக் கழற்றியபோது கான்கிரீட்டின் வெக்கை முகத்தில் அறைந்தது.

“தங்கச்சி,” என்றாள் தனலெட்சுமி. “அவரு கஷ்டப்படலதான? நெஞ்சுவலி, ஒடனே போயிட்டாருன்னு சர்ச்சுல சொன்னாங்க. அது நெசமுன்னு தெரிஞ்சா போதும்லா. தூங்கிருவேன்.”

இவள் ஒருத்திக்காவது உண்மை சொல்ல வேண்டும். அதற்காகத்தான் சுதர்ஷினி வந்திருந்தாள்.

“ஒடனேதான்க்கா,” என்றாள், அவளுக்குப் பின்னால் நின்றபடி.

டொக்.

மேலே. வெறும் கான்கிரீட்டில்.

மழைதான், மழைதான் என்று நினைத்தாள். மழை இன்னும் தொடங்கவில்லை. இல்லாத குழாய்களில் காற்று இரைந்து ஓடத் தொடங்கியது. புதுப் பெயின்ட் வாசனையும் அதற்கடியில் மனித வியர்வையின் புளித்த நெடியும் இறங்கின. சுவரில் ஒரு துளை அணைந்தது. பக்கத்துத் துளையும். யாரோ ஒவ்வொன்றாக அடைத்துக்கொண்டு வருவது போல.

டொக். டொக்.

“தட்டுனாருக்கா!” வாய்விட்டு அழுதாள் சுதர்ஷினி. “ரொம்ப நேரம் தட்டுனாரு. நான் கேட்டேன்.”

தனலெட்சுமி திரும்பவில்லை. “கேட்டுட்டுமா சும்மா இருந்தீங்க?”

“ஆராதனை நடந்துச்சுக்கா... எப்புடி எந்திரிக்கிறது...”

தட்டுவது நின்றது.

இருட்டில் பெஞ்சுகள் முனகின. ஆள் உட்காரும் முனகல். ஒரு வரிசை. அடுத்த வரிசை.

அண்ணாந்து பார்த்தாள். கூரை இல்லை. வெள்ளை. கைக்கெட்டும் உயரத்தில் வெள்ளைப் பலகை. எங்கோ திருகாணி முடுக்கும் சத்தம்.

மூச்சு முட்டியது. வெக்கை. கத்தினாள். குரல் வரவில்லை. முன்பெஞ்சின் முதுகில் தட்டினாள். விரல் முட்டியால். பிறகு இரண்டு கையாலும்.

பெஞ்சு பெஞ்சாகச் சபை நிறைந்திருந்தது. தனலெட்சுமியும் மெல்லத் தலைகுனிந்தாள்.

தட்டினாள். தட்டினாள்.

ஒரு தலையும் நிமிரவில்லை.