பன்னிரண்டாவது பாட்டு

யதிராஜன் கூடத்துத் தரையில் மல்லாந்து கிடந்தார். பக்கத்தில் அவருடைய கிட்டார், இரண்டு துண்டாக.

ஒரு துண்டில் ரத்தம்!

வெங்கடேசன் குனிந்து அவர் மூக்கருகே விரல் வைத்துப் பார்த்தார். மூச்சில்லை. நாற்பது வருஷத்தில் முதல் தடவையாகப் பாடகர் வாயை மூடியிருந்தார்.

மாலை மணி நாலு பத்து.

மேஜை மேல் அந்த சி.டி... 'இரும்புப் பல்லி: சூப்பர் ஹிட்ஸ் பன்னிரண்டு.'

எண்பதுகளில் காஞ்சிபுரத்தைத் தூங்கவிடாத ராக் குழு. தங்கப் பல்லி இருக்கிற ஊரில் ராக் குழுவுக்கு வேறென்ன பெயர் வைப்பது? பன்னிரண்டில் ஹிட்டானவை மூன்று. மீதி ஒன்பதும் நம்பிக்கை.

பன்னிரண்டாவதுதான் வெங்கடேசனின் தறி சோலோ. மற்ற குழுக்களில் ட்ரம்ஸ் அடிப்பார்கள். இவர் மேடையில் தறியையே இறக்கி, பன்னிரண்டு நிமிஷம் நெய்வார். டக்... டக்... டக்... கூட்டத்துக்குப் பைத்தியம் பிடிக்கும்.

அதைக் கடைசியில் போட்டதுகூடப் பரவாயில்லை. சி.டி. அட்டையின் பின்பக்கம்...

'குரல், கிட்டார், இசை: யதிராஜன். தறி: மற்றும் பலர்.'

மற்றும் பலர்!

திருத்தச் சொல்லி இன்றைக்குக் கடைசியாக ஒரு தடவை கேட்டுப் பார்த்தார். யதிராஜன் சிரித்தார்.

"ஏண்டா வெங்கடேசா, உன் தறிச் சத்தத்தை எவன்டா கேக்கப்போறான்? சேர்த்துண்டதே பெரிசு. போய்ப் புடவையை நெய்!"

அதுதான் அவர் கடைசி வரி. மெட்டில்லாமல் போனது.

கோயிலில் முதல் தீர்த்தம் யாருக்கு என்று மூன்று தலைமுறை முறைத்துக்கொள்கிற ஊர். பாட்டு வரிசைக்கு ஒரு கொலை விழுந்தால் ரொம்ப அதிகமில்லை.

வெங்கடேசன் கிட்டாரிலிருந்த கைரேகையைத் தோள்துண்டால் துடைத்தார். முகத்தில் மாஸ்க். பின்வாசல்... சந்து... ஷேர் ஆட்டோ...

பயமே இல்லை. ஏனென்றால் இந்த நிமிஷம் ஐயம்பேட்டையில் அவர் வீட்டில் தறி ஓடிக்கொண்டிருந்தது!

தறிக்கு அடியிலிருக்கிற குழிக்குள் ஒரு ஸ்பீக்கர். அதில் சி.டி.யிலுள்ள அதே பாட்டுகளைப் போட்டு யதிராஜன் போன வாரம் கொடுத்தனுப்பிய பென்டிரைவ். பன்னிரண்டாவது பாட்டு மட்டும், திரும்பத் திரும்ப... தெருவே சாட்சி சொல்லும்.

முதல் ஒரு நிமிஷம்தான் போட்டுப் பார்த்திருந்தார். தான் நெய்ததைத் தானே உட்கார்ந்து கேட்க என்ன இருக்கிறது?

மறுநாள் காலை...

கதவு தட்டப்பட்டது. இன்ஸ்பெக்டர் தேவிப்ரியா.

"நேத்து மத்தியானம் மூணுலேர்ந்து அஞ்சு வரைக்கும் எங்க சார் இருந்தீங்க?"

"தறியிலதாம்மா. முகூர்த்தப் புடவை. தலை தூக்க நேரமில்ல."

"யாராவது பாத்தாங்களா?"

"பாக்கறது என்னா... தெருவுக்கே கேட்டிருக்கும்."

பக்கத்து வீட்டு காந்தா கூப்பிடாமலே வந்து நின்றாள். அவளும் நெசவுதான்.

"ஆமாம்மா! ரெண்டரைலேர்ந்து அஞ்சு வரைக்கும் அண்ணன் நெய்துக்கினே இருந்தாரு. எந்தக் கோர்ட்டுல வேணா வந்து சொல்றேன்!"

வெங்கடேசனின் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. தேவிப்ரியா நோட்டை மூடிவிட்டு எழுந்தார்.

"என்னா கைம்மா அது!" காந்தா விடவில்லை. "இந்த வயசுல... ரெண்டரை மணி நேரம், ஒரு இழை அறுவல!"

தேவிப்ரியா மறுபடியும் உட்கார்ந்தார்.

"என்ன சொன்னீங்க?"

"நிக்கவே இல்லம்மா தறி! எனக்குப் பத்து நிமிஷத்துக்கு ஒருதபா அறுந்துக்கும். நிறுத்தணும், முடி போடணும். இவரு? ம்ஹூம்! எங்கூட்டுக்காரரைக் கூப்ட்டு, 'கேட்டுக்கோயா, இதான் நெசவு'ன்னேன்!"

"காந்தா, உள்ள போம்மா. கண்ணு படப்போவுது," என்றார் வெங்கடேசன்.

"எங்கப்பாவுக்கும் தறிதான் சார்," என்றார் தேவிப்ரியா. "அஞ்சு நிமிஷம் நெய்யுங்க. பாக்க ஆசையா இருக்கு."

வெங்கடேசன் தறியில் உட்கார்ந்தார்.

டக்... டக்... டக்...

பட்!

"எழவெடுத்த இழை!" வாய் தானாகத் திட்டியது.

காந்தா விழுந்து விழுந்து சிரித்தாள். "எம்பத்தாறுல மேடையிலயும் இதே திட்டுதாம்மா! நடுவுல அறுந்துபோயி, திட்டிக்கினே முடி போட்டாரு. ஒரே விசிலு! பழைய கேசட்ல அந்தத் திட்டு அப்படியே இருக்குது."

வெங்கடேசன் அறுந்த இழைக்கு முடி போட மறந்தார். அப்படியானால்... பன்னிரண்டு நிமிஷத்துக்கு ஒருதடவை அந்தத் திட்டு தெருவுக்கே கேட்டிருக்க வேண்டுமே!

"கொஞ்சம் எந்திரிங்க சார்."

தறிக்குழியில் டார்ச் வெளிச்சம் விழுந்தது. போலீஸ் இங்கேயா தேடப்போகிறது என்று அவர் அப்படியே விட்டுவைத்த ஸ்பீக்கர். தேவிப்ரியா பொத்தானை அழுத்தினார்.

டக்... டக்... டக்...

மூன்று பேரும் பன்னிரண்டு நிமிஷமும் நின்று கேட்டார்கள். இழை அறவில்லை. திட்டில்லை.

"என் திட்டு எங்க?" வெங்கடேசன் அலறினார். "பாவி! அதையும் வெட்டிட்டானா?"

தேவிப்ரியா பையிலிருந்து, யதிராஜன் மேஜையில் கிடைத்த அந்த சி.டி.யை எடுத்தார். அட்டையின் அடியில், எறும்பு சைஸில் ஒரு வரி...

'குறைகளை நீக்கிப் புதுப்பித்தவர்: யதிராஜன்.'

"பழைய கேசட்டைப் போட்டிருந்தா நடுவுல இழை அறுந்திருக்கும், நானும் போயிருப்பேன் சார்," என்றார் தேவிப்ரியா. "கிளம்பலாமா?"

வெங்கடேசன் ஜீப்பில் ஏறினார். ஜீப் கிளம்பியது. பிறகு, மெதுவாக...

"ஏம்மா... எஃப்.ஐ.ஆர்.ல என் பேரு வருமில்ல?"

"உங்க பேர் மட்டும்தான் சார். மற்றும் பலர் யாருமில்ல!"