மூன்றாம் குரல்

அன்று மழை பெய்ததா என்று இப்போது என்னால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. ஈர மண் வாசனை நினைவிருக்கிறது. அது மழையின் வாசனையா, அந்தக் கிணற்றின் வாசனையா, தெரியவில்லை.

என் கணவர் நிருபம் லாஹிரி, காணாமல்போன குழந்தைகளைத் தேடுவதிலேயே போலீஸ் வேலைக் காலத்தைக் கழித்தவர். பலரைக் கண்டுபிடித்தார். புல்ட்டு என்ற சிறுவனை மட்டும் முடியவில்லை. அவன் தாய் கமலினிக்குக் கொடுத்த வாக்கு, ஓய்வுபெற்ற பிறகும் அவரைத் தூங்கவிடவில்லை.

அவருக்குக் கீழே வேலை பார்த்த பாபதோஷ், ஜலங்கி ஆற்றோரம், கமலினியின் தெருவுக்குப் பின்னால் பல வருடம் பூட்டிக் கிடந்த வீட்டை வாங்கி எங்களை அழைத்தான். எங்களுக்குப் பிள்ளை இல்லை. தம்பியும் அவன்தான், பிள்ளையும் அவன்தான். அவரை "நிருதா" என்று அண்ணன் முறையிலும், என்னை "பௌதி" என்று அண்ணி முறையிலும் கூப்பிட்டுக்கொண்டே சமையலறைக்குள் வந்து, மீன்குழம்புச் சட்டியைத் திறந்து பார்ப்பவன்.

பொரியும் தேநீரும் வைத்தான். கொல்லைக் கிணற்றைப் பலகையால் மூடி, மேலே துளசித் தொட்டி வைத்திருந்தான். தூர்ந்த கிணற்றுக்கு இவ்வளவு மரியாதையா என்று நிருபம் கிண்டல் செய்தார். அவன் சிரித்தான்.

வெளிச்சம் மெல்ல வடிந்தது.

"மா."

சின்னக் குரல். கிணற்றுப் பக்கமிருந்து.

பாபதோஷின் கை கோப்பையிலேயே நின்றது.

"மா."

இருட்டிய பிறகு யார் கூப்பிட்டாலும், மூன்றாம் குரல் வரும்வரை எங்கள் ஊர்ப்பக்கம் யாரும் பதில் சொல்வதில்லை. நிஷி என்ற பேய் இரண்டு முறைதான் கூப்பிடும். பதில் சொன்னவரைக் கொண்டுபோய்விடும். நான் மூச்சை அடக்கிக் காத்திருந்தேன்.

"என்னத்த அப்படிக் கேக்குறீங்க ரெண்டு பேரும்?" என்றார் நிருபம். அவருக்கு எதுவும் கேட்கவில்லை.

பாபதோஷ் என்னையே பார்த்தான். "மூணாவது வராது பௌதி. அன்னிக்கும் புல்ட்டு அவங்கம்மாவ ரெண்டு தடவதான் கூப்பிட்டான்."

நிருபம் கோப்பையைக் கீழே வைத்தார்.

அன்று பிள்ளையின் குரல் இரண்டு முறை கேட்டதையும், நிஷி என்று பயந்து தான் வாய் திறக்காமல் நின்றதையும் கமலினி யாரிடமும் சொன்னதில்லை. போன மாதம்தான் என் கணவரிடம் அழுதுகொண்டே சொன்னாள். அவர் அதை என்னிடம் மட்டும்தான் சொல்லியிருந்தார்.

"மூணாவது தடவ ஏன் கூப்பிடல, பாபு?" என்று அவனைக் கேட்டார் நிருபம்.

பாபதோஷ் கிணற்றுப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"என் ஜீப்புல அடிபட்டுட்டான், நிருதா. உயிர் இருந்துச்சு. நான்தான் வாயப் பொத்தினேன்."

அதன் பிறகு இத்தனை வருடமும், அங்கே பார்த்தார்களாம், இங்கே பார்த்தார்களாம் என்று சொல்லி, என் கணவரைப் பக்கத்தில் உட்காரவைத்து ஊர் ஊராக ஜீப் ஓட்டியவன் அவன்தான். அதே ஜீப். திரும்பி வந்து என் கையால் சாப்பிட்டிருக்கிறான்.

கிணற்றில் எலும்புகள் கிடைத்தன. கமலினி அவற்றை ஆற்றங்கரையில் எரித்தாள். இப்போது யார் கூப்பிட்டாலும் முதல் குரலுக்கே "இதோ வந்துட்டேன்" என்கிறாள். பாபதோஷ் சிறையில் இறந்தான். நிருபம் இருக்கிறார். அவன் பெயரை மட்டும் சொல்வதில்லை.

விளக்கேற்றும் நேரத்தில் எங்கள் வாசலில் "பௌதி" என்று கேட்கிறது. இரண்டு முறை.

நான் பதில் சொல்வதில்லை.

சமையலறைக்குப் போனால், மீன்குழம்புச் சட்டியின் மூடி திறந்திருக்கிறது.