கறுக்காத தகடு

காலை 11.40. பேட்டரிப் பட்டறையின் பின்னறையில் முதலாளி செத்துக் கிடந்தார். உடம்பில் ஒரு கீறல்கூட இல்லை. அவர் வேலை செய்த, காற்றுப் புகாத கண்ணாடிப் பெட்டியில் கை நுழைக்கப் பொருத்திய இரண்டு ரப்பர் கையுறைகள் தொங்கின. உள்ளே, அவர் கடைசியாக அறுத்துப் பிரித்த பேட்டரியின் தகடு தங்கமாக மின்னியது. அதை யாரும் கவனிக்கவில்லை. பிணம் கிடக்கும் அறையில் தகட்டையா பார்ப்பார்கள்?

பெட்டிக்கு மணமே இல்லாத ஆர்கான் வாயு கொண்டுவரும் குழாய் பின்பக்கம் கழன்று கிடந்தது. வாயு அறையை நிரப்ப, மனிதர் மூச்சடைத்துப் போய்விட்டார். காலையில் அந்தக் குழாயை மாட்டியவள் அவர் மனைவி.

"நான்தான் கொன்னுட்டேன். கிளிப்பைச் சரியா முறுக்கல போல. என்னைக் கூட்டிட்டுப் போங்க." இன்ஸ்பெக்டர் அம்மாளிடம் இரண்டு கைகளையும் நீட்டினாள்.

"அழாதீங்க அண்ணி. தெரிஞ்சா செஞ்சீங்க?" என்றான் கொழுந்தன். ஆறுதல் சொல்கிற சாக்கில் ஆணி அடித்தான், பாவி.

"அப்ப யார் யார் இருந்தீங்க?" இன்ஸ்பெக்டர் அவனைக் கேட்டார்.

"அண்ணி சரக்கு கொடுக்கப் போயிருந்தாங்க. நான் மட்டும் முன்னாடி இருந்தேன். பின்னால போகவே இல்ல. அண்ணன் சத்தமே காணோமேன்னு ரொம்ப நேரம் கழிச்சுக் கதவைத் தள்ளினேன். குழாய் கழண்டு கேஸ் போயிட்டிருந்துச்சு. சிலிண்டரை மூடினேன், பெட்டியில குழாய் சேருற இடத்து வால்வையும் மூடினேன்."

"அதுவரைக்கும் பெட்டி வால்வு திறந்தே இருந்துச்சா?"

"ஆமா."

இன்ஸ்பெக்டர் கண்ணாடியில் முகத்தை ஒட்டிப் பார்த்தார். "இது என்னம்மா, தங்கமா?"

"கிராஃபைட்." அவள் உயிரில்லாமல் சொன்னாள். "சார்ஜ் இல்லாதப்ப கரி மாதிரி இருக்கும். முழு சார்ஜ்ல லித்தியம் உள்ள போய் உட்கார்ந்தா இந்த நிறம்."

"காத்து பட்டா?"

"கொஞ்ச நேரத்துல கறுத்துடும். அதுக்குத்தான் பெட்டிக்குள்ள ஆர்கான்..." அவள் மெல்லத் திரும்பிக் கொழுந்தனைப் பார்த்தாள்.

"குழாய் தானா கழண்டிருந்தா, திறந்த வால்வு வழியா காத்து உள்ள போயிருக்கும்," என்றார் இன்ஸ்பெக்டர். "உங்க அண்ணன் கையுறையிலிருந்து கையை உருவினப்பவே, அறையில மிச்சமிருந்த காத்தைப் பெட்டி உள்ள இழுத்திருக்கும். தகடு இந்நேரம் கரியாயிருக்கணும். ஆக, முதல்ல வால்வை மூடினாங்க, அப்புறம்தான் குழாயைக் கழட்டினாங்க. தானா கழலுற குழாய் வால்வை மூடிட்டா கழலும்? ஏன்டா பொய் சொன்ன?"

வால்வை மூடாமல் குழாயைத் தொடாதே என்று தலையில் குட்டிக் குட்டி அவனுக்குத் தொழில் பழக்கியவர் அண்ணன். அவரைக் கொல்லப் போனபோதும் கை அந்தப் பழக்கத்தை விடவில்லை.

"பட்டறையை அண்ணி பேருக்கு எழுதப் போறேன்னார். அப்ப நான் யாரு?" என்றான் அவன். விலங்கு மாட்டியாயிற்று.

அவள் கேட்டாள்: "நீ பின்னால நின்னது அவருக்குத் தெரியவே இல்லையா?"

"பம்ப் சத்தத்துல குழாய் கழண்டது கேக்கல. ஆனா நான் வந்தது தெரியும். 'தம்பியா? போறப்ப கதவைச் சாத்திட்டுப் போடா'ன்னார்." அவன் தரையைப் பார்த்தான். "சாத்திட்டுப் போனேன்."