தொடர் அமர்வு

காலை எட்டு மணிக்கு நாற்காலி என்னை அடையாளம் கண்டுகொண்டு பச்சை விளக்கைக் காட்டியது. மூக்கைச் சொறிவது, சட்டையைச் சரிசெய்வது எல்லாவற்றையும் அதற்குள் முடித்திருந்தேன். முந்தின நாள் மாலையிலிருந்து தண்ணீர் குடிக்கவில்லை. என் வயது முப்பத்தாறு, படிப்பது எட்டாம் வகுப்பு. இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவருக்குப் போன மாதம்தான் பேரன் பிறந்தான்.

எங்கள் பள்ளி மிச்சிகனில், ஆற்றோரத்தில் இருக்கிறது. ஜன்னல் வழியாகப் பார்த்தால் அக்கரையில் கனடா தெரியும். அங்கே என் தங்கை முல்லைக்கொடி எங்களுக்காக வீடு பார்த்து, என் மகள் ஆதிரையின் கட்டிலுக்கு விரிப்புகூட வாங்கி வைத்துவிட்டாள். ஆனால் பள்ளிப் படிப்பை முடிக்காதவர்கள் மாவட்ட எல்லையைத் தாண்ட முடியாது. ஐந்து வயதுவரை குழந்தை தாயின் பதிவில் இருக்கும். அதற்குள் தாய் விடுபட்டால் குழந்தையும் விடுபடும். ஐந்து முடிந்த அன்றே அதற்கென்று ஒரு நாற்காலி ஒதுக்கிவிடுவார்கள். பிறகு பதினெட்டு வயதுவரையாவது அசைய முடியாது. மறுநாள் வெள்ளிக்கிழமை ஆதிரைக்கு ஐந்து முடிகிறது.

எந்தக் கேள்விக்கும் காதோரக் கருவி பதில் சொல்லிவிடும் காலம் வந்த பிறகு, யார் படித்தவர், யார் படிக்காதவர் என்று பரீட்சை வைத்துக் கண்டுபிடிக்க முடியாமல் போனது. படித்ததை அளக்க முடியாது, உட்கார்ந்ததை அளக்கலாம் அல்லவா? அப்படிப் பிறந்ததுதான் இருக்கைச் சட்டம். நான் தென்காசியில் பொறியியல் முடித்துவிட்டு வந்தவள். அதெல்லாம் செல்லாது என்றார்கள். அங்கே நான் உட்கார்ந்த பெஞ்சில் உணரி இல்லையாம்.

ஒவ்வோர் ஆண்டின் கணக்கும் முடிந்த பின் கடைசியாக ஒரு தொடர் அமர்வு உண்டு. ஒரே பாடம், ஆறு மணி நேரம், உடம்பு நாற்காலியை விட்டு எழக்கூடாது. எழுந்தால் அந்த ஆண்டு முழுவதும் அழிந்துவிடும். மறுநாளே அந்த வகுப்பை மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். விலக்கு மனு எல்லாம் போட்டு மற்ற வகுப்புகளைக் கழித்தது போக எனக்கு மிச்சம் இருந்தது இந்த ஒரே ஓர் ஆண்டுதான், இந்த ஒரே ஓர் அமர்வுதான்.

பாடம், அமெரிக்கப் பள்ளிகளின் வரலாறு. பாடக்குரல் சுவரிலிருந்து இழுத்து இழுத்துப் பேசியது. பழைய காலத்தில் ஒரே அறைதான் பள்ளிக்கூடம், ஐந்து வயதும் பதினாறு வயதும் ஒன்றாகப் படித்தார்கள், பாடம் ஒப்பிக்க எழுந்து முன்னால் வந்து நின்றார்கள் என்றது. பிறகு நகரத்துப் பள்ளிகளில் மேசை நாற்காலிகளை வரிசையாகத் தரையோடு திருகாணி போட்டு முடுக்கினார்கள், இருபதாம் நூற்றாண்டில் மெல்ல அவற்றைக் கழற்றினார்கள் என்று பெருமையாகச் சொன்னது. எனக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கலாம், நாற்காலி அதைப் பொறுத்துக்கொள்ளும்.

எங்கள் வகுப்பின் மேற்பார்வையாளர் கோமதிநாயகம் சார், அம்பாசமுத்திரத்துக்காரர். ஒரு காலத்தில் கணக்கு வாத்தியாராக இருந்தவர். இங்கே அவருக்குக் கற்பிக்கும் வேலை இல்லை, பச்சை விளக்குகளைப் பார்த்துக்கொண்டிருப்பதுதான் வேலை. தினமும் ஏழரைக்கே வந்து மேசையில் உட்கார்ந்திருப்பார். ஏன் சார் இவ்வளவு சீக்கிரம் என்று ஒருமுறை கேட்டேன்.

"நான் உள்ள வந்தா நம்ம ஊர்க்காரங்க பூராம் எந்திச்சிருவீங்கம்மா. அதான் உங்களுக்கு முந்தியே வந்து உக்காந்துக்கிடுதேன்" என்றார்.

அன்று ஒன்றே முக்காலுக்கு அவர் பின்கதவு வழியாக வெளியே போனதை நான் கவனிக்கவில்லை. கடிகாரத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். இரண்டு மணிக்கு மூன்று நிமிடம் இருந்தபோது முன்கதவு திறந்தது. கையில் ஒரு காகிதத்தோடு, முகமெல்லாம் பல்லாக, சார் உள்ளே வந்தார்.

"மங்கை, ஒன் சான்றிதழ அடிச்சு வாங்கிட்டு வந்துட்டேன்..."

நான் நின்றுகொண்டிருந்தேன்.

எப்போது எழுந்தேன் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. கை கட்டி, தலையை லேசாகத் தாழ்த்தி, "வணக்கம் சார்" என்றுகூடச் சொல்லியிருக்கிறேன்.

"உக்காரும்மா! உக்காரு, உக்காரு!" என்று சார் கத்தினார். உட்கார்ந்தேன். விளக்கு சிவப்பாக எரிந்தது.

"சார், மூணு நிமிஷந்தான சார். நீங்க ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"நாற்காலி சொல்லுததத்தான் கேப்பாங்கம்மா. என்னைய யாரு கேக்கா?" சான்றிதழை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்திருந்தார். "இத்தன வருசமா சூதானமா இருந்தேனே. இன்னைக்கு சந்தோசத்துல மறந்து தொலைச்சுட்டேன்."

அவர்மேல் எனக்கு ஆத்திரம் வந்தது. என் கால்கள்மேல் அதைவிட அதிகமாக வந்தது. தென்காசியில் ஒன்றாம் வகுப்பில் படித்ததெல்லாம் செல்லாது என்றார்களே, அது மட்டும் எப்படி என் முழங்காலில் அப்படியே இருந்தது?

மறுநாள் காலை ஆதிரையைக் குட்டி நாற்காலிகள் இருக்கும் அறைக்கு அழைத்துப் போனேன். வாசலில் அவள் முன் மண்டியிட்டுச் சொன்னேன்.

"யார் உள்ள வந்தாலும் நீ எந்திரிக்கக் கூடாது, கண்ணு."

"சார் வந்தாலுமா?"

"சார் வந்தாலும்."

"நீ வந்தாலுமாம்மா?"

"நான் வந்தாலுந்தான்" என்றேன்.

மதிய இடைவேளை எங்களுக்கு அவர்களைவிடப் பத்து நிமிடம் முன்னால் வரும். ஓடிப்போய் அந்த அறையின் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்றேன். ஆதிரை என்னைப் பார்த்துவிட்டாள். முகம் மலர்ந்தது. இரண்டு கைகளையும் நாற்காலியின் ஓரத்தில் ஊன்றினாள். பிறகு கைகளை எடுத்து, கட்டிக்கொண்டு, சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்தாள். அவளுடைய விளக்கு பச்சையாகவே எரிந்தது.