அடைக்கட்டை

தொட்டில் கடல் பக்கமாக ஆடிப் போனது. திரும்பி வரவில்லை.

அடுக்களையிலிருந்து பெமிலா எட்டிப் பார்த்தாள். சாயங்கால வெயில் கூடத்துத் தரையில் நீளமாகக் கிடந்தது. கரண்ட் இல்லாததால் மின்விசிறி நின்றிருந்தது. காற்றும் இல்லை. ஆனாலும் சேலைத் தொட்டில், யாரோ இழுத்துப் பிடித்ததுபோல் மேற்கு வாசலை நோக்கிச் சாய்ந்தே நின்றது. உள்ளே ஆறு மாதக் குழந்தை ஸ்டெனி தூங்கினான்.

தொட்டில் தொங்கிய உத்தரம் ஒரு பழைய தண்டவாளம். பாறவிளைக் கரையில் ஒரு கம்பெனி கருமணல் அள்ளிய காலத்தில், கடலோரத்திலிருந்து மேட்டுக் கொட்டகை வரை பாதை போட்டு டிராலிகளில் மணல் தள்ளினார்கள். கம்பெனி போனபின் தண்டவாளங்கள் துண்டு துண்டாக ஊர் வீடுகளுக்கு உத்தரமாயின. பெமிலாவின் கணவன் எட்சன் மஸ்கட்டில் உழைத்துக் கட்டிய இந்த வீட்டுக்கும் ஒன்று வந்தது.

அதைத் தூக்கி வைத்த தங்கப்பன் கொத்தனார், உத்தரத்துக்கும் சுவருக்கும் நடுவே ஒரு மரக்கட்டையை அடித்து இறுக்கினார். அந்தக் காலத்தில் டிராலி உருளாமல் சக்கரத்துக்கு அடியில் வைத்த அடைக்கட்டை அது. மணல் சுமந்த பெண்கள் கைக்குழந்தைகளைக் காலி டிராலியில்தான் தூங்கப் போடுவார்களாம். ஒருநாள் யாரோ கட்டையை உருவிவிட, டிராலி கடலை நோக்கி உருண்டது. உள்ளே கிடந்தது தங்கப்பனின் தங்கை. அவரே பெமிலாவிடம் சொன்னார்.

“அம்மை முதுகக் கொடுத்து ஒத்தைக்குத் தாங்கினா, மக்ளே. அவளுக்க குதிகால் இழுபட்ட ரெண்டு வரி கடல் வரைக்கும் கெடந்துது. ரெண்டு பேரும் கிட்டல. இந்தக் கட்டைய மட்டும் எடுத்துராத.”

இன்று காலை, கிறிஸ்மஸுக்கு வெள்ளையடிக்கும்போது கட்டையில் கரையான் தெரிந்தது. போனில் கேட்டதற்கு எட்சன் சிரித்தான்.

“ஏட்டி, செதலரிச்ச கட்டைக்கு மெழுகுதிரி கொளுத்தி வைப்பியா? அடுப்புல போடு.”

போட்டாள். மத்தியானச் சோறு அதில்தான் வெந்தது.

இப்போது தலைக்கு மேலே, இரும்பின்மேல் இரும்பு உருளும் சத்தம் மெல்லக் கிளம்பி, துரு வாடையும் உப்பு வாடையுமாகக் கூடம் முழுக்க இறங்கியது. உத்தரத்தில் தொட்டிலின் முடிச்சு மேற்கே ஒரு சாண் நகர்ந்தது.

பெமிலா ஓடிப்போய்ப் பிள்ளையைத் தூக்கப் பார்த்தாள். வரவில்லை. சேலையில் எதுவும் சிக்கவில்லை. கனம். அவ்வளவுதான். இரண்டு கையாலும் இழுத்தாள். அசையவில்லை.

சரக்.

கூடையைக் கவிழ்க்கும் சத்தம். தொட்டில் ஒரு விரற்கடை தாழ்ந்தது. குழந்தையின் உதட்டில் கருமணல்.

சரக்.

நெஞ்சில். கழுத்தில். வழித்து எறிந்தாள். எறிய எறிய விழுந்தது. ஸ்டெனி கண்ணைத் திறந்து, அவளைப் பார்க்காமல், அவள் தோளுக்கு மேலே பார்த்தான்.

மேற்கு வாசல் தானாகத் திறந்தது. வெளியே, என்றைக்கோ பெயர்த்தெடுத்த பாதை படியிலிருந்து கடல் வரை பளபளத்துக் கிடந்தது.

முடிச்சு நகர்ந்தது. மேசையில் போன் அடித்தது. எட்சன். கை எட்டாது. கையை விடவும் முடியாது.

அவள் தொட்டிலுக்கு முன்னால் போய், திரும்பி, முதுகைக் கொடுத்தாள். குதிகாலைத் தரையில் ஊன்றினாள். வழுக்கியது. ஊன்றினாள். வழுக்கியது.

பக்கத்தில் ஒரு ஈரத் தோள் அவள் தோளோடு ஒட்டியது. அதுவும் மூச்சைப் பிடித்துத் தாங்கியது.

பெமிலா குனிந்து பார்த்தாள். தரையில் பரவிய கருமணலில் அவள் குதிகால் இழுத்த இரண்டு வரி. ஒட்டினாற்போல் இன்னும் இரண்டு.

நான்கும் வாசலை நோக்கி நீண்டுகொண்டிருந்தன.