முருகம்மாள் உட்கார்ந்த இடம்

பதினோரு வருஷமாக ஆள் புழங்காத அந்தப் பட்டாசு ஆலை அறையின் தரை பெருக்கியிருந்தது.

வெளியே வேலிக்கருவேல் வாசல் வரை மண்டிக் கிடக்க, கூரை பறந்துபோய், சுவரெல்லாம் கரி அப்பிய அந்த அறைக்குள் மட்டும் ஒரு சருகு இல்லை. நேற்றுத்தான் வேலை முடிந்து பூட்டியதுபோல, கந்தக நெடி பாண்டிச்செல்வியின் தொண்டையில் கரகரத்தது.

"நீங்களா தாயி பெருக்குனீக?"

"நான் இப்பத்தானக்கா உங்களோட வர்றேன்," என்றாள் கீர்த்திகா. பழைய பட்டாசு விபத்துகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறவள். வாசலுக்கு வெளியே கேமராவை நிறுத்தி, அதன் சின்னத் திரையை உள்பக்கம் திருப்பினாள். "உங்க மூஞ்சிய நீங்களே பாத்துக்கலாம்."

"ஆமா, பொண்ணு பாக்க வாராகளாக்கும்."

பாண்டிச்செல்வி தன் பழைய இடத்தில், மேற்குச் சுவரோரம் சம்மணமிட்டாள். அறைக்கு நாலு பேர்தான், அது சட்டம். விபத்து நடந்த அன்றைக்கு அவள் பிள்ளைக்குக் காய்ச்சல். ஆள் குறைந்தால் போர்மேன் ஏசுவார் என்று, வெளியே சும்மா நின்ற கூடவேலைக்காரி முருகம்மாளைத் தன் இடத்தில் உட்கார வைத்துவிட்டு வீட்டுக்குக் கிளம்பினாள். அவள் ரோட்டுக்கு வருமுன் அறை வெடித்தது. முருகம்மாளோடு உள்ளே இருந்த நாலு பேரும் செத்துப்போனார்கள். உட்கார வைத்தது தான்தான் என்று யாரிடமும் சொன்னதில்லை. இன்றைக்குச் சொல்லிவிட வேண்டும் என்றுதான் வந்திருந்தாள்.

திரையில் அவள் முகத்தைச் சுற்றி ஒரு மஞ்சள் கட்டம்.

"அது என்ன தாயி?"

"முகம் எங்க இருந்தாலும் கேமராவே கண்டுபிடிச்சுக் கட்டம் போடும்."

திரையில் எதிர்ச் சுவரோரம், உட்கார்ந்த ஆளின் தலை உயரத்தில், வெறும் காற்றில் இன்னொரு கட்டம். அதன் பக்கத்தில் ஒன்று. வாசலோரம் ஒன்று. மூன்றும் மெல்ல அவள் பக்கம் நகர்ந்தன.

"வெயில்ல கேமராவுக்குக் கோட்டி பிடிச்சிருச்சுக்கா." கீர்த்திகா திரையை எட்டிப் பார்த்துச் சிரித்தாள்.

பிறகு பாண்டிச்செல்வியின் முகத்தின் மேலேயே இரண்டாவது கட்டம். தலையை அசைத்தாள். ஒன்று கூடவே அசைந்தது. மற்றது அசையவில்லை.

எழ முயன்றாள். மடியில் பாரம். ஆள் பாரம்.

சொல்லிவிடு. இப்போது சொல்லிவிடு.

"தாயி... செத்த நேரம் இங்கன வந்து உக்காருறீகளா? நான் வெளிய போயிட்டு வந்துர்றேன்."

அன்றைக்கு முருகம்மாளிடம் பேசிய அதே குரல்.

"நானே அங்க உக்காந்து பாக்கணும்னு கேக்க இருந்தேன்க்கா." கீர்த்திகா செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தாள்.

பாரம் இறங்கியது. பாண்டிச்செல்வி வெளியே வந்தாள். திரும்பினாள்.

கீர்த்திகா சம்மணமிட்டிருந்தாள். வெறுங்கைகள் இல்லாத வெடிக்குழாய்களில் மருந்து நிரப்பின. வேகமாக. பழகிய கைகள்போல. விரல் நுனியிலிருந்து, வெடிமருந்தில் கலக்கும் அலுமினியப் பவுடரின் வெள்ளிநிறம் மணிக்கட்டுக்கு ஏறியது. முழங்கைக்கு. கழுத்துக்கு.

"தாயி!"

அவள் நிமிரவே இல்லை.